பாட்டுக்குக் கீழே ஒரு வரி: காதல் கதை எழுதுகிறவர் கையில் உ.வே.சா.வின் குறுந்தொகைப் பதிப்பு

‘செம்புலப் பெயனீர் போல அன்புடை நெஞ்சம் தாம்கலந் தனவே.’ கல்யாணப் பத்திரிகைகளில் இந்த வரியைப் பலரும் பார்த்திருப்பார்கள். பத்திரிகையில் அது கொண்டாட்டம். உ.வே.சாமிநாதையர் 1937இல் வெளியிட்ட, சங்ககாலக் காதல் பாட்டுகளின் தொகையான குறுந்தொகையின் பதிப்பில் இதே பாட்டை 40ஆம் எண்ணில் எடுத்துப் பார்த்தால் கதை வேறு. பாட்டு முடிந்ததும் ‘என்பது’ என்று தொடங்கி ஒரு வரி வருகிறது. முதல் சந்திப்பு முடிந்திருக்கிறது. இவர் நம்மை விட்டுப் பிரிந்துவிடுவாரோ என்று தலைவி அஞ்சுகிறாள். அவள் குறிப்பு மாறியதைக் கண்டு தலைவன் சொன்னது இது. இதுதான் அந்த வரியின் சாரம்.

இதைப் படித்த பிறகு பாட்டு பழைய பாட்டாக இருப்பதில்லை. உன் தாய் யார், என் தாய் யார்? நம் தகப்பன்மார் எந்த முறையில் உறவு? நீயும் நானும் முன்பே அறிந்தவர்களா? மூன்றுமே அவள் மனசுக்குள் ஓடிக்கொண்டிருக்கும் பயங்கள். அவள் கேட்காமலே அவன் எடுத்து வாய்விட்டுச் சொல்கிறான், ஒன்றையும் மறுக்கவில்லை. மழைநீர் செம்மண்ணில் விழுந்தாயிற்று, இனிப் பிரிக்க முடியாது என்று மட்டும் சொல்கிறான். ஐந்தே அடி. காதலை அறிவிக்கும் வசனம் என்று நாம் நினைத்திருந்தது, பயந்த ஒரு பெண்ணுக்குச் சொன்ன ஆறுதல்.

காதல் கதை எழுதக் கற்றுத்தருவதாகச் சொல்லும் கையேடுகளும் வகுப்புகளும் இப்போது ஏராளம். அவற்றில் பணம் போடுவதற்கு முன் இந்தப் பதிப்பை வாங்கி ஆறு மாதம் மேசைமேல் வைத்திருக்கலாம். இங்கே பார்ப்பது அந்தக் கோணத்தில் மட்டும்தான். இலக்கிய வரலாறு, பாடபேதம், இலக்கணச் சர்ச்சை ஆகியவற்றுக்கு இந்தப் பதிப்பு எப்படி என்பது தனிக் கணக்கு.

உள்ளே இருப்பது இது. கடவுள் வாழ்த்து நீங்க 401 பாடல்கள். நான்கடி முதல் எட்டடி வரை என்பது அளவு. 307ஆம் பாட்டும் 391ஆம் பாட்டும் மட்டும் ஒன்பதடி. தொகுத்தவர் பூரிக்கோ. அச்சில் இதை முதலில் கொண்டுவந்தவர் சௌரிப்பெருமாள் அரங்கன், 1915இல். பேராசிரியரும் நச்சினார்க்கினியரும் எழுதிய பழைய உரை கிடைக்காமல் போய்விட்டதால், உ.வே.சா. தாமே உரை எழுதினார். பதிப்பு வந்தபோது அவருக்கு வயது 82. ஒவ்வொரு பாட்டுக்கும் முன்னே அடைப்புக்குறிக்குள் சூழலின் விரிவு, பாட்டு, ‘என்பது’ என்று தொடங்கும் பழைய கூற்றுக் குறிப்பு, புலவர் பெயர், பிரதிபேதம் (சுவடிக்குச் சுவடி மாறும் சொற்கள்), பதவுரை, முடிபு (சொற்கள் எதனோடு எது சேர்ந்து முடிகிறது என்பது), கருத்து, விசேட உரை, மேற்கோளாட்சி, ஒப்புமைப் பகுதி என்று வரிசையாக வரும். நான்கடிப் பாட்டுக்கு இரண்டு பக்கம் உரை ஓடுவது சாதாரணம்.

எழுதுகிறவருக்கு இதில் தங்கம் அந்தக் கூற்றுக் குறிப்புதான். பாடிய புலவர்களே எழுதியதல்ல, பிற்காலத்தார் சேர்த்தது என்பதே ஆய்வாளர் பலரின் முடிவு. அதனால் அதன் மதிப்பு குறையாது. ஒரு நல்ல வாசகர் பாட்டைப் படித்து, இதை யார், யாரிடம், எப்போது, எதற்காகச் சொல்லியிருக்க வேண்டும் என்று ஊகித்து வைத்த காட்சிக் குறிப்பு அது. பாட்டையும் தெளிவுரையையும் மட்டும் தந்து கூற்றை விட்டுவிடும் மலிவுப் பதிப்புகள் கடைகளில் உண்டு. காதல் கதை கற்க அவை உதவா. நாடகத்தில் வசனத்தை வைத்துக்கொண்டு பாத்திரங்களின் பெயரை அழித்தது மாதிரி.

குறிப்புகளைத் தொடர்ந்து படித்துக்கொண்டே போனால் ஒன்று பிடிபடும். இந்தக் காதலர்கள் ஒருவரிடம் ஒருவர் காதலைச் சொல்வது மிகக் குறைவு. தலைவி தோழியிடம் சொல்கிறாள். தோழி தலைவனிடம் சொல்கிறாள். தலைவன் தன் நெஞ்சிடம், தோழனான பாங்கனிடம், தேர்ப்பாகனிடம் சொல்கிறான். வளர்த்த தாயான செவிலி பெற்ற தாயான நற்றாயிடம் சொல்கிறாள். சொல்ல வேண்டியவரிடம் நேராகச் சொல்ல முடியாத இக்கட்டு இருப்பதால்தான் பேச்சே பிறக்கிறது. இன்றைய தொடர்கதைகளில் அடிக்கடி தட்டுப்படும் கோளாறு இதற்கு நேர் எதிர்: நாயகனும் நாயகியும் எதிரெதிரே உட்கார்ந்து தங்கள் உணர்ச்சியைத் தாங்களே விளக்கிக்கொள்கிறார்கள். விளக்கி முடித்ததும் கதைக்கு வேலை இல்லாமல் போகிறது; உடனே போனை எடுக்காததால் ஒரு மனத்தாங்கல், விமான நிலையத்தில் ஒரு ஓட்டம் என்று செயற்கையாக முடுக்க வேண்டியிருக்கிறது.

3ஆம் பாட்டைப் பாருங்கள். நிலத்தைவிடப் பெரியது, வானைவிட உயர்ந்தது, கடலைவிட ஆழமானது என்று தன் நட்பைச் சொல்லும் தேவகுலத்தாரின் பாட்டு. தனியாக எடுத்தால் பள்ளிக்கூட மேடைப் பேச்சு மாதிரி இருக்கும். பாதிப் பாட்டு வெறும் அளவுச் சொற்கள். குறிப்பு சொல்வது என்ன? தலைவன் வேலிக்கு அந்தப்புறம் மறைந்து நிற்கிறான். அது சிறைப்புறம். அவன் சீக்கிரம் மணம் பேச வரவேண்டும் என்பதற்காகத் தோழி வேண்டுமென்றே அவனைக் குறை சொல்கிறாள். அது இயற்பழித்தல். அதைப் பொறுக்காமல் தலைவி அவனை உயர்த்திப் பேசுகிறாள். அது இயற்பட மொழிதல். ஒரு பாட்டில் மூன்று காது, மூன்று நோக்கம். தோழி திட்டியது பாட்டுக்குள் இல்லை. அது நமக்குக் கேட்காமலே முடிந்துவிட்டது. ஆனால் அந்தத் திட்டுதான் ‘நிலத்தினும் பெரிதே’ என்ற வீராப்புக்கு உரம். எந்தத் தூண்டுதலும் இல்லாமல் ஒருத்தி தன் காதலை வானளவு புகழ்ந்தால் படிப்பவருக்குக் கூச்சமாக இருக்கும். யாரோ பழித்த அடுத்த கணத்தில் புகழ்ந்தால் கூச்சம் போய்விடும். பெரிய சொல் எழுத வேண்டுமானால் அதற்கு முன்னால் ஒரு சீண்டல் வேண்டும்.

உ.வே.சா.வின் உரை மிகவும் கைகொடுக்கும் பாட்டுகளில் 138 ஒன்று. கொல்லன் அழிசி பாடியது.

கொன்னூர் துஞ்சினும் யாந்துஞ் சலமே
எம்மில் அயலது ஏழில் உம்பர்
மயிலடி இலைய மாக்குரல் நொச்சி
அணிமிகு மென்கொம்பு ஊழ்த்த
மணிமருள் பூவின் பாடுநனி கேட்டே.

ஊரே தூங்கினாலும் நாங்கள் தூங்கவில்லை. வீட்டுக்குப் பக்கத்தில், மயில் காலடி போன்ற இலையுடைய நொச்சி, நீலமணி போன்ற பூவை உதிர்த்தது. விழும் ஓசையை நன்றாகக் கேட்டுக்கொண்டிருந்தோம். நொச்சிப்பூவைக் கையில் வாங்கிப் பார்த்தவருக்குத் தெரியும், அது மிகச் சிறியது, எடையே இல்லாதது. அது விழுந்து ஓசை கேட்க வேண்டுமானால் ஊர் எவ்வளவு அடங்கியிருக்க வேண்டும், கேட்பவர் காது எவ்வளவு தீட்டப்பட்டிருக்க வேண்டும்! ‘காத்திருந்தோம்’ என்ற சொல்லே பாட்டில் கிடையாது. ‘நீ வரவில்லை’ என்பதும் கிடையாது. முந்தின இரவு குறித்த இடத்தில் அவன் அவர்களைச் சேரவில்லை, மறுநாள் இரவு வந்து ஒளிந்து நிற்கிறான், அவன் காதில் விழும்படி தோழி பேசுகிறாள் என்று கூற்றுக் குறிப்பு சொன்ன பிறகுதான் அந்தப் பூவின் ஓசை குற்றச்சாட்டாக மாறுகிறது.

குறிப்பின் கடைசியில் இன்னொரு சின்னத் துணுக்கு: இரவுக்குறிக்கு, அதாவது இரவில் சந்திப்பதற்கு, தோழி இசைந்ததாகவும் கொள்ளலாம். அதாவது இதையே சம்மதமாகவும் படிக்கலாம். நாங்கள் விழித்திருப்போம், ஊர் தூங்கும், நொச்சி மரம் இன்ன இடத்தில் இருக்கிறது, வா. ஒரே ஐந்தடி, குறையாகவும் அழைப்பாகவும் நிற்கிறது. காதல் வசனம் எழுதுகிறவர் இந்த ஒரு பாட்டை மட்டும் ஒரு வாரம் வைத்துக்கொண்டு அலசலாம்.

பேசுபவரை மாற்றிப் பார்ப்பது நல்ல பயிற்சி. 138ஐத் தலைவியின் வாயில் போட்டுப் பாருங்கள். ‘நான் தூங்கவில்லை’ என்று ஆகும். உடனே புலம்பலாகச் சுருங்கிவிடும். தோழி ‘யாம்’ என்கிறாள். அந்தப் பன்மைக்குள் தலைவியின் ஏக்கம் பத்திரமாக ஒளிந்திருக்கிறது. அவள் கௌரவமும் கெடவில்லை. மேற்கோளாட்சிப் பகுதி இங்கேதான் உதவும். ஒரு பாட்டைப் பழைய உரையாசிரியர்கள் எந்தத் துறைக்கு, அதாவது எந்தக் காதல் சூழலுக்கு, எடுத்துக்காட்டினார்கள் என்று அதில் இருக்கும். சில பாட்டுகளை ஒருவர் ஒரு சூழலுக்கும் இன்னொருவர் வேறு சூழலுக்கும் காட்டியிருப்பார்கள்.

தடைகள் விஷயத்திலும் இந்தத் தொகை கஞ்சத்தனம் காட்டுவதில்லை. தாய் தூங்கவில்லை, நிலா வெளிச்சம், ஊர்க்காவலர், குரைக்கும் நாய், வீட்டைவிட்டு வெளியே விடாத இற்செறிப்பு, முணுமுணுக்கும் அம்பல், ஊரே பேசும் அலர். ஒவ்வொன்றும் கையால் தொடக்கூடிய தடை. ‘இருவரின் மனநிலை ஒத்துவரவில்லை’ என்ற மாதிரிப் புகைமூட்டம் இல்லை.

நிலத்தைப் பயன்படுத்தும் விதத்துக்கு 18ஆம் பாட்டு. கபிலர் எழுதியது. இரவில் வந்துவிட்டுத் திரும்பும் தலைவனைத் தோழி மறித்து, மணந்துகொள் என்று வற்புறுத்துகிறாள். சிறுமூங்கில் வேலி போட்ட, வேரிலே காய்க்கும் பலா உள்ள மலைநாட்டவனே என்று விளிக்கிறாள். அடுத்து, சின்னக் கொம்பில் பெரிய பழம் தொங்குவதுபோல இவள் உயிர் சிறியது, காமம் பெரியது என்கிறாள். உவமை எல்லோருக்கும் தெரியும். விளியைத் தாண்டிப் போய்விடுவோம். உன் ஊர்ப் பலாவுக்கு வேலி உண்டு, பழம் தரையில் கிடக்கிறது, விழுந்து உடையும் என்ற கவலை இல்லை. இவள் பழமோ காம்பில் ஆடுகிறது, காவல் இல்லை. திட்டாமல் திட்டியாயிற்று. நம் கதைகளில் காதலர் ஊட்டிக்குப் போனால் ஊட்டி ஒரு பத்தி வர்ணனையாக நின்றுவிடும். இங்கே மரம் வாதத்தில் ஒரு கட்சி.

25ஆம் பாட்டும் கபிலருடையதே. தலைவி சொல்கிறாள்: அவன் என்னோடு கூடிய அன்று யாரும் இல்லை, அந்தக் கள்வன் மட்டும்தான் இருந்தான், அவன் பொய் சொன்னால் நான் என்ன செய்வேன் என்று தொடங்கி, ஓடும் நீரில் ஆரல் மீனுக்காகப் பார்த்து நின்ற, தினைத்தாள் போன்ற கால் கொண்ட ஒரு குருகும் இருந்தது என்று முடிகிறது. ‘யாரும் இல்லை’ என்று சொன்னவள் நினைவைத் துழாவி ஒரு சாட்சியைக் கண்டுபிடிக்கிறாள்; அந்தச் சாட்சியும் மீனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தது. ‘குருகும்’ என்பதில் உள்ள ‘உம்’ ஒன்றிலேயே அவள் கையறு நிலை அடங்கிவிடுகிறது. கொக்கு வகைப் பறவையின் காலைத் தினைத்தாளோடு ஒப்பிட, அன்று அவள் எவ்வளவு நேரம் தலைகுனிந்து நின்றிருக்க வேண்டும் என்பதையும் யோசிக்கலாம். உரை இதைச் சொல்லவில்லை. உரை சொல்லாமல் விட்டதைப் படிப்பதற்கும் இந்தப் பதிப்பில் இடம் உண்டு.

யாப்பு தெரியாதவர்கூடக் கவனிக்க வேண்டிய ஒரு நுட்பம். இவை பெரும்பாலும் நேரிசை ஆசிரியப்பா. அடிக்கு நான்கு சீர், கடைசிக்கு முந்தின அடிக்கு மட்டும் மூன்று. ஐந்தடிப் பாட்டுக்கு மொத்தம் 19 சீர். அந்தக் குறைந்த அடியில் பிரேக் விழும். ‘செம்புலப் பெயனீர் போல’, ‘ஒழுகுநீர் ஆரல் பார்க்கும்’, ‘அணிமிகு மென்கொம்பு ஊழ்த்த’, ‘இனிதெனக் கணவன் உண்டலின்’. உவமையோ பார்வையோ செயலோ அங்கே தொங்கி நிற்கும், கடைசி அடியில் இறங்கும். உரைநடையில் ஒரு காட்சியை முடிக்கும்போதும் இதைச் செய்து பார்க்கலாம்: கடைசி வாக்கியத்துக்கு முந்தினதைக் குறையாக விடுவது.

கல்யாணத்துக்குப் பிறகு காதல் கதைக்கு வேலை இல்லை என்று நினைப்பவர்கள் 167ஐத் திறக்க வேண்டும். கூடலூர் கிழார் எழுதிய சமையலறைக் காட்சி. கட்டித்தயிரைப் பிசைந்த விரலைப் புடைவையில் துடைத்துக்கொள்கிறாள், துவைக்காமலே உடுத்தியிருக்கிறாள். தாளிப்புப் புகை கண்ணில் ஏறுகிறது. தானே துழாவி ஆக்கிய புளிக்குழம்பைக் கணவன் ‘இனிது’ என்று சொல்லிச் சாப்பிடுகிறான். அவள் முகம் ‘நுண்ணிதின்’ மகிழ்ந்தது. பாட்டு முழுவதிலும் அவர்களுக்குள் நடந்த பேச்சு ‘இனிது’ என்ற அந்த ஒரு சொல்தான். இதைச் சொல்வது அவர்கள் வீட்டுக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்த செவிலி. கேட்பது பெற்ற தாய். கவலையோடு மகளைக் கட்டிக்கொடுத்தவளுக்குச் சொல்லும் செய்தி என்பதால்தான் அழுக்குச் சேலைகூட இங்கே நல்ல செய்தியாகிறது. அது காதலியைப் பற்றிக் காதலன் சொன்னதாக இருந்தால் எரிச்சல் மூட்டியிருக்கும்.

ஆலங்குடி வங்கனாரின் 8ஆம் பாட்டில் பேசுவது பரத்தை. தலைவன் என் வீட்டில் பெரிய பேச்சுப் பேசிவிட்டு, தன் வீட்டில், கையும் காலும் தூக்கினால் தானும் தூக்கும் கண்ணாடிப் பாவைபோல, தன் மகனின் தாய்க்கு வேண்டியதைச் செய்கிறான் என்கிறாள். மனைவி தன்னைப் பழித்தாள் என்று கேள்விப்பட்டு, மனைவியின் ஆட்கள் காதில் விழும்படி சொல்கிறாள். ‘அவன் மனைவி’ என்றுகூடச் சொல்லவில்லை. ‘தன் புதல்வன் தாய்’. முக்கோணக் காதல் எழுதுகிறவர்கள் மூன்றாவது ஆளை வில்லியாக்கும் முன் இதைப் படிக்கலாம்.

குறைகளுக்கு வருவோம். முதல் சிக்கல் அச்சு. சீர் பிரித்து, சந்தியோடு ‘யாயு ஞாயும் யாரா கியரோ’ என்றே பாட்டு நிற்கும். பழகாத கண்ணுக்கு முதல் இருபது பாட்டு முள்வேலி. உரைநடையும் அந்தக் காலத்துப் புலவர் நடை. முடிபுப் பகுதியை எழுதுகிறவர் தைரியமாகத் தாண்டலாம். கலைச்சொற்கள் வேறு மிரட்டும். வரைவு என்றால் திருமணம், வரைவு கடாதல் அதற்கு வற்புறுத்துவது, அறத்தொடு நிற்றல் காதலை வீட்டாருக்கு வெளிப்படுத்துவது, அல்லகுறி அவன் வந்த அடையாளம் என்று வேறு ஓசையை நம்பி ஏமாறுவது, வாயில் மறுத்தல் அவன் அனுப்பிய தூதுக்கு இடம் கொடாதது. இப்படி ஒரு பதினைந்து சொல்லைத் தாளில் எழுதி அட்டைக்குள் ஒட்டிவிட்டால் பிறகு தடையில்லை.

இரண்டாவது குறை நூலின் எல்லையைச் சேர்ந்தது. அகத்திணையில், அதாவது காதல் பாட்டில், யாருக்கும் பெயர் சூட்டக்கூடாது என்பது தொல்காப்பிய விதி. அதனால் பாத்திரம் கிடையாது, வேடம்தான் உண்டு. ஒருத்தி பத்து வருஷத்தில் எப்படி மாறினாள் என்பதை இதில் கற்க முடியாது. நாவலின் நீண்ட கட்டுமானத்துக்கு இது உதவாது, காட்சிக்கும் வசனத்துக்கும்தான். அடியோரும் (அடிமைகள்) வினைவலரும் (ஏவல் வேலை செய்பவர்கள்) ஐந்திணை என்னும் உயர்ந்த காதலுக்குப் புறம்பு என்று ஒதுக்கிய இலக்கணம் இது என்பதையும், பரத்தையிடம் போகும் உரிமை ஒரு பக்கத்துக்கு மட்டுமே என்பதையும் உரை இயல்பாக ஏற்றுக்கொண்டு நகர்கிறது. அங்கெல்லாம் வாசகர் தன் கண்ணால் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

ஒப்புமைப் பகுதியை ஆராய்ச்சியாளருக்கானது என்று ஒதுக்கிவிடத் தோன்றும். வேண்டாம். ஒரே உவமை எத்தனை நூலில் வந்திருக்கிறது என்ற பட்டியல் அது. காந்தள் விரல், குவளைக் கண் ஆகியவை எவ்வளவு தேய்ந்த காசு என்பது அங்கே தெரியும். அந்தத் தேய்ந்த காசுகளுக்கு நடுவே வெள்ளிவீதியார் 58இல் வைத்த படத்தைப் பாருங்கள்: வெயில் காயும் பாறையில் உருகும் வெண்ணெய், அதைக் கண்ணால் மட்டுமே காக்கக்கூடிய, கையில்லாத ஊமை. காமத்தை அடக்கிக்கொள் என்று புத்தி சொல்லும் பாங்கனுக்குத் தலைவன் சொன்ன பதில். இவ்வளவு துல்லியமாக ஒரு படம் கிடைத்தால் அது புலவரின் பெயரையே விழுங்கிவிடும் என்பதற்கும் இந்த நூலில் சாட்சிகள் உண்டு: செம்புலப்பெயனீரார், கல்பொரு சிறுநுரையார், அணிலாடு முன்றிலார். உவமைதான் இன்று அவர்கள் பெயர்.

வாங்குவதற்கு முன் பார்க்க விரும்புவோருக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் தளத்தில் உரையோடு கிடைக்கிறது. ஆனால் இது முன்னும் பின்னும் புரட்டும் புத்தகம், அச்சுப் பிரதியே வசதி. உ.வே.சா.வின் நூலாராய்ச்சி முன்னுரையில் முதல் நாளே இறங்க வேண்டாம். 138, 3, 25, 18, 8, 167 என்று தொடங்குங்கள். முதலில் பாட்டுக்குக் கீழே உள்ள குறிப்பைப் படித்து, பேசுபவர், கேட்பவர், ஒட்டுக்கேட்பவர், பேசுபவருக்கு வேண்டியது என்று நான்கையும் ஓரத்தில் பென்சிலால் எழுதுங்கள். பிறகு பாட்டு, பதவுரை, விசேட உரை. நாளுக்கு ஒன்று போதும்.

2ஆம் பாட்டைக் கொஞ்சம் தள்ளிப்போடலாம். ‘கொங்குதேர் வாழ்க்கை அஞ்சிறைத் தும்பி’ என்றதும் தருமியும் நக்கீரரும் நெற்றிக்கண்ணும் வந்து முன்னால் நின்றுகொள்வார்கள். அந்தப் புராணம் மனசிலிருந்து கொஞ்சம் இறங்கிய பிறகு குறிப்பைப் படியுங்கள். அவள் நாணத்தைப் போக்கத் தலைவன் அவள் நலத்தைப் பாராட்டுகிறான் என்கிறது அது. அவள் எதிரிலேயே இருக்கிறாள். அவன் கேட்பது வண்டிடம்.